பத்து மணிக்குள் கர்ணன் சாவானா?

பொ. ராஜகோபால் பள்ளிக்கூடத்தை விட்டபோது அவருக்குப் பத்து வயதுதான் இருக்கும். 1953-ல் பிறந்தவர். அப்பா பொன்னுசாமி, செய்யாற்றுப் பக்கத்துப் பெருங்கட்டூரில் பேர்போன கூத்து வாத்தியார். பையன் புத்தகப் பையை ஓரமாக வைத்துவிட்டு அப்பாவின் கூத்துக் குழுவான ஜமாவில் சேர்ந்தான். ராத்திரி வேஷம், பகலில் தூக்கம், சாயங்காலம் அடுத்த ஊர். இப்படித் தொடங்கியவர்தான் பின்னாளில் காஞ்சிபுரத்தை மையமாக வைத்துக் கட்டைக்கூத்துக்கென்று ஒரு சங்கத்தையும் ஒரு குருகுலத்தையும் எழுப்பினார். காஞ்சிபுரம், செய்யாறு, வந்தவாசி வட்டாரத்தில் கூத்துப் பேச்சை எடுத்தால் அவர் பெயரைத் தொடாமல் நகர முடியாது.

அவர் 'முறையான பயிற்சி' பெற்றவரா? அரசாங்க விண்ணப்பப் படிவத்தைக் கேட்டால் இல்லை என்றுதான் சொல்லும். கல்வித் தகுதி என்ற கட்டத்தில் எழுத அவரிடம் தொடக்கப் பள்ளியைத் தாண்டி ஒன்றும் இல்லை. பெருங்கட்டூர், புரிசை என்று இந்தப் பக்கத்தில் ஆடிப் பேர் வாங்கிய பழைய தலைமுறைக் கூத்துக்காரர்கள் பலருக்கும் இதே கதைதான். அவர்களை மேடையில் பார்த்து வியக்கும் பட்டணத்து விமர்சகர்கள் 'படிக்காத மேதை' என்றோ 'பிறவிக் கலைஞர்' என்றோ ஒரு பட்டத்தைக் கொடுத்துவிட்டுக் கடைசி பஸ்ஸைப் பிடிக்கக் கிளம்பிவிடுகிறார்கள். கேட்க இனிமையான பட்டங்கள்தான். ஆனால் அதில் ஒரு சோம்பல் ஒளிந்திருக்கிறது. இந்த மனிதர்கள் எங்கே, எப்படிக் கற்றார்கள் என்று விசாரிக்கும் வேலையை அந்தப் பட்டம் மிச்சப்படுத்திவிடுகிறது.

விசாரித்தால், பதில் இந்த வட்டாரத்து ராத்திரிகளில் இருக்கிறது. அந்த ராத்திரிகளுக்குத்தான் இப்போது ஆபத்து வந்திருக்கிறது.

கட்டைக்கூத்து இரவு பத்து மணி வாக்கில் தொடங்கி விடியும்வரை நடக்கும். முதலில் களரி கட்டுவார்கள். மிருதங்கம், டோலக், ஆர்மோனியம், தாளம், முகவீணை எல்லாம் சேர்ந்து ஊரை அழைக்கும் வாசிப்பு அது. கட்டியக்காரன் வருவான், நாலு பேரைக் கிண்டல் செய்வான், கூட்டம் நிமிர்ந்து உட்காரும். அப்புறம் ஒவ்வொரு ராஜ வேஷமும் இரண்டு பேர் பிடித்திருக்கும் திரைக்குப் பின்னால் நின்று பாடி, பாதி முகம் காட்டி, கடைசியில் திரையை விலக்கிக்கொண்டு சபைக்கு வரும். இலேசான மரத்தில் செதுக்கி, கண்ணாடித் துண்டும் ஜிகினாவும் ஒட்டிய கிரீடம், புஜகீர்த்தி, மார்புப் பதக்கம் ஆகியவைதான் கட்டை. அத்தனையையும் உடம்பில் கட்டிக்கொண்டு கர்ணனும் துரியோதனனும் கிறுக்கி அடித்துச் சுற்ற வேண்டும். சுற்றி நின்றதும் மூச்சு வாங்காமல் உச்ச சுருதியில் பாட வேண்டும். பாடி முடித்ததும் எதிர்வேஷக்காரன் எடுத்துவிடும் வசனத்துக்கு அந்த இடத்திலேயே பதில் கட்ட வேண்டும்.

இந்த மூன்றையும் ஒரே ஆள், தூக்கம் கண்ணைக் கட்டும் மூன்று மணிக்கும் செய்தாக வேண்டும். மைக் வருவதற்கு முந்தைய காலத்தில் உருவான கலை இது. கடைசி வரிசையில் பாய் விரித்துப் படுத்திருக்கும் கிழவிக்கும் கேட்க வேண்டும் என்பதற்காகவே அந்தக் குரல் அவ்வளவு மேலே ஏறியது. சபா நாற்காலியில் உட்கார்ந்து 'கத்துகிறார்கள்' என்று முகம் சுளிப்பவர்களுக்கு இந்த விவரம் தெரிந்திருக்க நியாயமில்லை.

இதை ஒரு பையன் எப்படிக் கற்கிறான்? பாடத்திட்டம் கிடையாது. பின்பாட்டுக்காரர்கள் பெஞ்சுக்குப் பக்கத்தில் சுருண்டு படுத்திருப்பான். தூக்கத்திலேயே தாளம் காதில் விழுந்துகொண்டிருக்கும். ஒருநாள் ஆள் குறையும். சின்ன வேஷம் ஒன்று கட்டிவிடுவார்கள். அடவு பிசகினால் வாத்தியார் தாளத்தட்டாலேயே இழுத்து நிறுத்துவார். பாட்டு மறந்தால் பின்பாட்டு எடுத்துக்கொடுக்கும். தவறும் திருத்தமும் முந்நூறு பேர் முன்னால் நடக்கும். அந்த முந்நூறு பேரும் சும்மா இருப்பவர்கள் இல்லை. கர்ணன் களத்தில் விழும் 'கர்ண மோட்சம்' கூத்தை இருபது தடவை பார்த்தவர்கள் அதில் பாதிப் பேர் இருப்பார்கள். கர்ணனின் மனைவி பொன்னுருவி அவன் பிறப்பைக் குத்திக்காட்டும் இடத்தில் ஒரு அடி விட்டுப்போனால் கீழேயிருந்து யாராவது கேட்டுவிடுவார்கள். இப்படிப்பட்ட தேர்வாளர் கூட்டம் எந்த நாடகக் கல்லூரியிலும் கிடைக்காது.

கர்ண மோட்சத்துக்கு இந்த ஊர்களில் இன்னொரு வேலையும் உண்டு. வீட்டில் பெரியவர் இறந்தால் காரியத்தன்று அந்தக் கூத்தை வைப்பார்கள். அன்று களத்தில் கர்ணன் விழும்போது அழுகிறவர்கள் யாருக்காக அழுகிறார்கள் என்று பிரித்துச் சொல்ல முடியாது. திரௌபதியம்மன் கோயில் பாரதம் என்றால் பத்து நாள், சில ஊர்களில் இருபது நாள்கூட நடக்கும். பகலில் பிரசங்கியார் பாரதம் சொல்வார். இரவில் அதே கதை கூத்தாக எழும். அர்ச்சுனன் தபசன்று உயர்ந்த மரத்தில் ஏறி உச்சியிலிருந்து பாடுவார்கள். கடைசி நாள் படுகளம். தரையில் மண்ணால் பிரம்மாண்டமாகச் செய்து படுக்கவைத்த துரியோதனனின் தொடையைப் பீமன் பிளப்பான், திரௌபதி கூந்தல் முடிப்பாள், பின்பு தீமிதி. இத்தனைக்கும் நடுவில் நிற்கும் கூத்துக்காரரை ஊர் வெறும் நடிகராகப் பார்ப்பதில்லை. அவர் வந்து ஆடினால்தான் மழை, ஆடினால்தான் செத்தவருக்கு வழி என்ற நம்பிக்கையும் அவர் தோளில்தான் கட்டையோடு சேர்த்துக் கட்டப்படுகிறது. சினிமா நட்சத்திரத்துக்குக் கிடைக்கும் அன்பு வேறு, இந்த அன்பு வேறு. இது மறுநாள் காலை டீக்கடையில் 'நேத்து குரல் சரியில்லையே வாத்தியாரே' என்று உரிமையோடு கணக்குக் கேட்கும்.

காஞ்சிபுரத்துக்காரர்களுக்கு இப்படிக் கற்பது புதிதில்லை. பிள்ளையார்பாளையத்துத் தறிக்குழிகளில் பட்டுச்சேலை நெய்தவர்கள் அப்படித்தான் கற்றார்கள். கோர்வைச் சேலைக்கு உடலுக்கு ஒரு நிறம், கரைக்கு வேறு நிறம். கரை நாடாவை எறிய நெசவாளியின் பக்கத்தில் இன்னொரு ஆள் உட்கார வேண்டும். பல வீடுகளில் அந்த ஆள் பிள்ளைதான். பக்கத்தில் உட்கார்ந்து, கையைப் பார்த்து, அடி வாங்கி, பதினைந்து வயதில் தனித்தறிக்குப் போய்விடுவான்.

இதைச் சொல்லும்போதே இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். அந்தப் பிள்ளை பள்ளிக்கூடம் போகவில்லை. காஞ்சிபுரத்துப் பட்டுத்தறிகளில் குழந்தைத் தொழிலாளர்கள் இருந்ததும், அவர்களை மீட்கப் பெரும்பாடு பட வேண்டியிருந்ததும் ஊரறிந்த கதை. 'பக்கத்தில் உட்கார்ந்து கற்பது' என்று நாம் அழகாகச் சொல்வதற்கு ஒரு விலை இருந்தது. அதைக் கொடுத்தது பெரியவர்கள் இல்லை.

ராஜகோபாலை மற்றவர்களிடமிருந்து தனித்து நிறுத்துவது இதுதான். தன் கதையையே ஒரு காவியமாக்கி, 'நான் படிக்கவில்லை, ஜெயிக்கவில்லையா' என்று மார்தட்டி அலைந்திருக்கலாம். கைதட்டவும் ஆள் இருந்திருக்கும். அவர் செய்தது வேறு. அப்பாவின் பெருங்கட்டூர் பொன்னுசாமி நாடக மன்றத்தை நடத்தியவர், 1990-ல் சக கலைஞர்களையும், ஆய்வுக்காக நெதர்லாந்திலிருந்து வந்து பின்னர் அவருடைய வாழ்க்கைத் துணையான ஹன்னே டி புரூனையும் சேர்த்துக்கொண்டு கட்டைக்கூத்துச் சங்கத்தைத் தொடங்கினார். 2002-ல் காஞ்சிபுரத்தை ஒட்டிய புஞ்சரசந்தாங்கல் கிராமத்தில் குருகுலம் வந்தது. அங்கே பிள்ளைகள் கூத்தும் கற்றார்கள், பள்ளிப் பாடமும் படித்தார்கள். பள்ளிக்கூடத்தை விட்டுக் கூத்துக்குப் போனவர், கூத்துக்கு வரும் பிள்ளை பள்ளிக்கூடத்தை விடக்கூடாது என்று பார்த்துக்கொண்டார்.

அதோடு நிற்கவில்லை. ஆண்களே ஸ்திரீ வேஷமும் கட்டிவந்த களத்தில் பெண் பிள்ளைகளை இறக்கினார். திரௌபதியாக மட்டும் இல்லை, கட்டை கட்டிய ராஜ வேஷத்திலும். வயசுக்கு வந்த பெண் ராத்திரி முழுக்க அன்னியர் முன்னால் ஆடுவதா என்ற முணுமுணுப்பை அந்த மண்ணிலேயே பிறந்த ஒருவர் எதிர்கொள்வதற்கும், பட்டணத்திலிருந்து போய் ஒருவர் சொற்பொழிவு ஆற்றுவதற்கும் வித்தியாசம் இருக்கிறது. 2020-ல் குருகுலம் மூடப்பட்டது. பதினெட்டு ஆண்டுகளில் அங்கே ஆடிப்பாடி வளர்ந்த பிள்ளைகளில் சிலர் இன்று கூத்தைத் தொழிலாகவே செய்கிறார்கள். பாடகர் டி.எம். கிருஷ்ணாவும் சங்கீதா சிவகுமாரும் கர்நாடக இசையையும் கட்டைக்கூத்தையும் ஒரே மேடையில் நிறுத்த நினைத்தபோது தேடி வந்ததும் ராஜகோபாலிடம்தான்.

தேடி வருவது இந்த வட்டாரத்துக்குப் பழக்கமான ஒன்று. புரிசைக் கூத்து வாத்தியார் கண்ணப்பத் தம்பிரானைத் தேடி நாடகாசிரியர் ந. முத்துசாமி வந்தார். 1977-ல் சென்னையில் அவர் தொடங்கிய கூத்துப்பட்டறைக்குத் தம்பிரானின் கூத்து ஒரு ஆதார சுருதி. பசுபதி, கலைராணி போன்ற நடிகர்கள் வளர்ந்த பட்டறை அது. நடிப்பில் பயிற்சி பெற்றவர்கள் என்று நாடு கொண்டாடும் நடிகர்களின் பயிற்சிக்குப் பின்னால், நாடகப் பள்ளியின் வாசலைப் பார்க்காத ஒரு புரிசைக்காரர் நிற்கிறார். யார் பயிற்சி பெற்றவர், யார் பெறாதவர் என்று கோடு போடுகிறவர்கள் இந்த இடத்தில் கொஞ்சம் தடுமாறத்தான் வேண்டும்.

கூத்தை விட்டுவிட்டு, ஊருக்குள் இருக்கும் சங்கீதத்துக்கு வந்தாலும் கதை மாறவில்லை. காஞ்சிபுரம் நாயனாப் பிள்ளை (1889–1934) இசைக்குடும்பத்தில் பிறந்தவர். கிராமஃபோன் காலத்தின் தொடக்கத்திலேயே புகழ்பெற்ற தனகோடி அம்மாளின் சகோதரி மகன். அப்படியிருந்தும் இளமையில் அவருக்குச் சங்கீதத்தைவிடக் கசரத்திலும் விளையாட்டிலும்தான் நாட்டம் என்று சொல்வார்கள். கையைப் பிடித்து உட்காரவைத்த நீண்ட குருகுலவாசம் அவருக்கு இல்லை. வீட்டில் விழுந்த பாட்டும், கோயிலில் விழுந்த நாகசுரமும், தானே போட்டுப் போட்டுப் பார்த்த லயக் கணக்கும்தான் மூலதனம். அதை வைத்துக்கொண்டு தென்னாட்டின் லயச் சிங்கமாக நின்றார். வயலின், மிருதங்கம், கஞ்சிரா, கடம், மோர்சிங், கொன்னக்கோல் என்று மேடை நிறையப் பக்கவாத்தியங்களை உட்காரவைத்து அவர் பாடிய கச்சேரிகளை 'ஃபுல் பெஞ்ச்' என்று ரசிகர்கள் செல்லமாக அழைத்தார்கள். திருப்புகழின் சிக்கலான தாளங்களைக் கச்சேரி மேடைக்குக் கொண்டுவந்தவர்களில் அவர் முக்கியமானவர். வீணை தனம்மாளின் பேத்திகளான பிருந்தாவும் முக்தாவும் தியாகராஜ கிருதிகளைக் கற்க அவரிடம் காஞ்சிபுரத்துக்கே அனுப்பப்பட்டார்கள். இசைத்தட்டு மட்டும் கொடுக்கவே மாட்டேன் என்றார். அதனால் இன்று அவர் குரலைக் கேட்க வழியில்லை.

அவர் ஊருக்குச் செய்த பெரிய உபகாரம் கச்சேரி பாடியதைவிட, ஆண்டுதோறும் காஞ்சிபுரத்தில் தியாகராஜ உற்சவம் நடத்தியது. வெளியூர் வித்வான்கள் வந்து பாடுவார்கள். யார் வேண்டுமானாலும் போய் உட்காரலாம். அப்படிப் போய் உட்கார்ந்தவர்களில் ஒரு சிறுமி, தாமல் கிருஷ்ணசாமி தீட்சிதரின் மகள் பட்டம்மாள்.

டி.கே. பட்டம்மாள் 1919-ல் காஞ்சிபுரத்தில் பிறந்தார். அம்மா நன்றாகப் பாடுவார். ஆனால் ஆசார வீட்டுப் பெண் நாலு பேர் முன்னால் வாய் திறக்கக்கூடாது என்பது அன்றைய விதி. பட்டம்மாளுக்கும் குருகுலவாசம் கிடையாது. சிறுமியாக இருந்தபோது அவர் செய்ததெல்லாம் கச்சேரி கேட்பது. கேட்டுவிட்டு வீட்டுக்கு ஓடிவந்து, கேட்ட கிருதியையும் ராகப் பிடிகளையும் தம்பிமார் உதவியோடு எழுதிவைப்பது. ஆளுக்கொரு வரியாக நினைவில் பிடித்துவந்து சேர்த்துக்கொள்வார்களாம். நாயனாப் பிள்ளை தன் உற்சவத்தில் நடத்திய போட்டியில் பைரவி ராகக் கிருதி பாடி முதல் பரிசு வாங்கியதும் இந்தப் பெண்தான். பள்ளி நாடகத்தில் பாடி, இசைத்தட்டுக் கம்பெனியின் கண்ணில் பட்டு, 1932-ல் பதின்மூன்று வயதில் சென்னை ரசிக ரஞ்சனி சபாவில் மேடையேறினார். அம்பி தீட்சிதர், பாபநாசம் சிவன் போன்ற பெரியவர்களிடம் கற்றுக்கொண்டதும் உண்டு. ஆனால் பெண்கள் தொடத் தயங்கிய ராகம் தானம் பல்லவியைத் துணிந்து பாடி 'பல்லவி பட்டம்மாள்' என்று பேர் வாங்கியதற்கு விதை, காஞ்சியில் ஓசியில் கேட்ட நாயனாப் பிள்ளை கச்சேரிகள். 1970-ல் சங்கீத கலாநிதி, 1998-ல் பத்ம விபூஷண் என்று விருதுகள் வந்தன.

நாயனாப் பிள்ளையும் பட்டம்மாளும் ராஜகோபாலும் மூன்று வேறு சாதிகள், மூன்று வேறு உலகங்கள். ஒருவர் மேடையை இன்னொருவர் கூட்டம் எட்டிப்பார்க்காத காலமும் இருந்தது. மூவருக்கும் பொதுவானது, காசு கேட்காமல், தகுதி கேட்காமல் உட்காரவிட்ட ஒரு பொது இடமும், அங்கே நல்லதையும் கெட்டதையும் பிரிக்கத் தெரிந்த ஒரு கூட்டமும்தான். நெசவாளர் வீட்டில் பிறந்த இவ்வூர் அண்ணாதுரை நாடகம் எழுதித் தானே வேஷமும் கட்டினாரே, அதுவும் இதே மண்ணின் வாசனைதான்.

இந்த வழி இல்லாத இடங்களில் 'பயிற்சி பெறாத' கலைஞர்களுக்கு என்ன ஆகிறது? அதிர்ஷ்டம் வர வேண்டும். பெரும்பாலும் அது சினிமா வடிவில் வரும். சிவகங்கைச் சீமையில் வயல்வேலைப் பாட்டுகளைப் பாடிவந்த கொல்லங்குடி கருப்பாயியை வானொலி ஓரளவு தெரியவைத்தது. 1985-ல் 'ஆண்பாவம்' வந்த பிறகுதான் தமிழகம் முழுக்கத் தெரிந்தது. மதுரைப் பக்கத்துப் பரவை முனியம்மாவுக்கு 2003-ல் 'தூள்' வந்தது. இரண்டு பேரையும் மக்கள் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள். முனியம்மாவுக்கு முதுமையில் மாதாமாதம் உதவித்தொகை கிடைக்க 2015-ல் அன்றைய முதல்வர் ஜெயலலிதா ஏற்பாடு செய்ய வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 2020 மார்ச்சில் முனியம்மாவும், 2025 ஜூனில் கருப்பாயியும் மறைந்தார்கள். அஞ்சலிக் கட்டுரைகளில் சினிமாப் பாட்டுகள் முன்னால் வந்தன; அவர்கள் சினிமாவுக்கு முன் பல பத்தாண்டுகள் பாடிய பாட்டுகளுக்கு ஓரிரு வரி ஒதுக்கப்பட்டது.

சத்தீஸ்கரின் தீஜன் பாய் கதை நமக்கு இன்னும் நெருக்கமானது, ஏனென்றால் அதுவும் பாரதக் கதை. 1956-ல் பிலாய்க்குப் பக்கத்துக் கனியாரி கிராமத்தில் பிறந்தவர். பள்ளிக்கூடம் போனதில்லை. பாண்டவர் கதை பாடும் பாண்டவாணியைத் தாத்தா சொல்லக் கேட்டுக் கேட்டே மனப்பாடம் செய்தார். பதின்மூன்று வயதில் பத்து ரூபாய்க்கு முதல் நிகழ்ச்சி. பெண்கள் உட்கார்ந்துதான் பாடலாம் என்ற வழக்கத்தை மீறி எழுந்து நின்று பீமனாகக் கர்ஜித்ததற்கு அவருடைய சமூகமே அவரை விலக்கிவைத்தது. நாடக மேதை ஹபீப் தன்வீர் அவரை அடையாளம் கண்டார். பிலாய் உருக்காலை அவருக்கு வேலை கொடுத்தது. 2019-ல் பத்ம விபூஷண். விருதைவிட அந்த உருக்காலை வேலைதான் யோசிக்கவைக்கிறது. மேடையில் கர்ஜிக்கிறவருக்கு மாதச் சம்பளம் வேண்டும் என்று ஒரு பொதுத்துறை நிறுவனத்துக்குத் தோன்றியிருக்கிறது. நம் ஊர் ஜமாக்களில் சீசன் முடிந்ததும் கட்டையைக் கழற்றிவைத்துவிட்டுக் கூலிவேலைக்குப் போகிறவர்களை எண்ணிப் பார்த்தால் அந்த வேலையின் அருமை புரியும்.

தமிழக அரசு ஒன்றும் செய்யவில்லை என்று சொன்னால் அது பொய். 2007-ல் நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியம் வந்தது. நலிந்த கலைஞர்களுக்கு உதவித்தொகை இருக்கிறது. காஞ்சிபுரத்தில் அரசு இசைப்பள்ளி இருக்கிறது. குரலிசை, நாகசுரம், தவில், தேவாரம், பரதநாட்டியம், வயலின், மிருதங்கம் சொல்லிக்கொடுக்கிறார்கள். நாட்டுப்புறக் கலைகளுக்குப் பகுதிநேர வகுப்புகளையும் அரசு தொடங்கியிருக்கிறது. எல்லாம் நல்லதுதான். ஆனால் இவை அத்தனையும் கற்பிப்பதைப் பற்றியும் கொடுப்பதைப் பற்றியும் கவலைப்படுகின்றன. கூத்துக்காரனைக் கூத்துக்காரனாக்கும் அந்த எட்டு மணி நேர ராத்திரியைப் பற்றிக் கவலைப்படும் அலுவலகம் ஒன்றும் கண்ணில் படவில்லை.

அந்த ராத்திரியின் குறுக்கே ஒரு சட்டம் நிற்கிறது. 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி இரவு பத்து மணி முதல் காலை ஆறு மணிவரை திறந்தவெளியில் ஒலிபெருக்கியோ இசைக்கருவியோ ஒலிக்கக்கூடாது. பண்பாட்டு, சமய விழாக்களுக்கு மாநில அரசு நள்ளிரவு பன்னிரண்டுவரை தளர்வு தரலாம். அதுவும் ஆண்டுக்குப் பதினைந்து நாளுக்கு மேல் போகக்கூடாது. 2005-ல் உச்ச நீதிமன்றமும் இரவு நேரத் தடையை வலியுறுத்தியது. பத்திலிருந்து ஆறு என்பது, நிமிடம் பிசகாமல், கூத்து நடக்கும் நேரம். விதியை எழுதியவர்கள் கூத்தை நினைத்துச் செய்யவில்லை. கூத்து என்று ஒன்று இருப்பதை நினைக்காமல் செய்தார்கள், அவ்வளவுதான்.

விதி தேவையில்லை என்று யாரும் வாதாட முடியாது. மறுநாள் பரீட்சை எழுதும் பிள்ளையும், இதய நோயாளியும், ஆறு மணி ஷிஃப்டுக்கு ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் பஸ் ஏறும் தொழிலாளியும் தூங்கத்தான் வேண்டும். ஆளுயர ஸ்பீக்கர்களை அடுக்கி வீட்டுச் சுவர் அதிர வைக்கிறவர்களுக்குக் கடிவாளம் போட்டதற்கு நீதிமன்றத்துக்கு நன்றி சொல்ல வேண்டும். 'ஆடல் பாடல்' நிகழ்ச்சிகளுக்கு நிபந்தனை விதித்ததிலும் நியாயம் உண்டு. சிக்கல் என்னவென்றால், டி.ஜே. சத்தமும் முகவீணையும் விதியின் காதுக்கு ஒன்றாகவே கேட்கின்றன.

பன்னிரண்டு மணிக்குக் கூத்தை முடிக்க வேண்டும் என்றால் என்ன நடக்கும்? கர்ண மோட்சம் இரண்டு மணி நேரமாகச் சுருங்கும். சுருங்கலாம், சபாக்களிலும் விழா மேடைகளிலும் ஏற்கனவே சுருக்கித்தான் ஆடுகிறார்கள். சுருக்கும்போது முதலில் போவது கட்டியக்காரன், அடுத்துப் போவது பொன்னுருவியோடு நடக்கும் தர்க்கம், அதற்கடுத்து, ஆள் குறைந்த நள்ளிரவில் கத்துக்குட்டிக்குக் கொடுக்கும் சின்ன வேஷம். கடைசியாகச் சொன்னதுதான் பெரிய நஷ்டம். பார்வையாளர் பாதித் தூக்கத்தில் இருக்கும் இரண்டு மணிக்கும் நான்கு மணிக்கும் இடையில்தான் புதுப் பையன் தப்பு செய்யலாம். அந்த நேரத்தை எடுத்துவிட்டால் ஜமாவில் தேர்ந்தவர்கள் மட்டும் ஆடுவார்கள். அவர்கள் காலத்துக்குப் பிறகு ஆட ஆள் இருக்காது. பகுதிநேர வகுப்பு அடவு கற்றுக்கொடுக்கும். மூன்று மணிக்குக் குரல் கட்டிப்போனால் எப்படிச் சமாளிப்பது என்பதை வகுப்பில் எப்படிக் கற்றுக்கொடுப்பது?

இதற்கு வழி இல்லாமல் இல்லை. விதியின் கவலை சத்தம்தான், கூத்து இல்லை. மைக் இல்லாத காலத்தில் பிறந்த குரலுக்கு நள்ளிரவுக்குப் பின் மைக் அவசியமா என்று ஜமாக்களே யோசிக்கலாம். முந்நூறு பேர் கூட்டத்துக்கு வெறும் தொண்டையும் ஆர்மோனியமும் தாராளம். ஆனால் ஊர்ப் பெரியவர்கள் காவல் நிலையத்துக்குப் போய் 'பன்னிரண்டுக்கு மேல் மைக்கை நிறுத்திவிடுகிறோம், கூத்து மட்டும் நடக்கட்டும்' என்று கேட்டால், விதியிலும் அனுமதிப் படிவத்திலும் அப்படி ஒரு நிகழ்ச்சிக்கு இடமிருக்க வேண்டும். இல்லையென்றால் கூத்து நடக்குமா நடக்காதா என்பது அன்றைக்குப் பணியில் இருக்கும் அதிகாரியின் மனநிலையைப் பொறுத்துப் போய்விடும். நல்ல அதிகாரி விடுவார், பயந்த அதிகாரி மறுப்பார். யாரையும் குறை சொல்ல முடியாது.

கலை பண்பாட்டுத் துறை இன்னும் ஒரு படி போகலாம். இசைப்பள்ளிகளின் பகுதிநேர மாணவர்களைச் சான்றிதழுக்கு முன் குறைந்தது ஒரு திரௌபதியம்மன் கோயில் பாரதத்திலாவது ஒரு ஜமாவோடு இரவு முழுக்க இருக்கச் செய்யலாம். அந்த ஜமாவின் வாத்தியாருக்கு அதற்கான சம்பளத்தைத் துறையே கொடுக்கலாம். பள்ளிப் படிப்பை விடாமல் கூத்து கற்கும் வசதியோடு, புஞ்சரசந்தாங்கலில் பதினெட்டு ஆண்டு நடந்து நின்றுபோன முயற்சியைப் போன்ற ஒன்றை அரசே எடுத்து நடத்தலாம். எப்படி நடத்துவது என்று கேட்க ராஜகோபால் போன்றவர்கள் இருக்கும்போதே கேட்டுவைப்பது புத்திசாலித்தனம்.

காஞ்சிபுரம், திருவண்ணாமலை மாவட்ட ஆட்சியர்களுக்கும் காவல் கண்காணிப்பாளர்களுக்கும் இப்போதைக்கு ஒரே ஒரு வேண்டுகோள். அடுத்த பாரத சீசன் தொடங்குவதற்குள், 'நள்ளிரவுக்குப் பின் ஒலிபெருக்கி இல்லாமல் விடியும்வரை கூத்து நடத்தலாம்' என்று ஒரு தெளிவான சுற்றறிக்கையைக் காவல் நிலையங்களுக்கு அனுப்புங்கள். இதற்கு நிதி ஒதுக்கீடு தேவையில்லை, விதியில் கூத்து வாத்தியங்களுக்கு ஒரு சிறு விலக்கு கேட்டு வாங்கினால் போதும்.